ஐதான கூட்டம்

அந்தச் செவ்வாய்க்கிழமை அஞ்சலா நாலு மணிக்கே வீட்டுக்குப் போயிருக்கலாம். கடைசியாக வந்த சிலைட்டையும் விதிப்படி நூறு இடங்களில் பார்த்து முடித்திருந்தாள். ஒன்றுமில்லை.

ஒன்றுமில்லை என்று எழுதுவதுதான் அவளுடைய வேலை. மன்னார் நகரத்தில் ஒரு சிறிய மலேரியா ஆய்வுகூடத்தில் ஒன்பது வருடங்களாக நுணுக்குக்காட்டிக்கு முன்னால் இருக்கிறாள். காய்ச்சல் என்று வருகிறவர்களின் இரத்தத்தைக் கண்ணாடித் தகட்டில் பூசி, சாயமிட்டு, மலேரியாக் கிருமி இருக்கிறதா என்று தேட வேண்டும். நாட்டில் மலேரியா ஒழிந்துவிட்டது. ஆனாலும் அது திரும்பி வரவில்லை என்று யாராவது பார்த்துக்கொண்டே இருக்க வேண்டுமே. ஆபிரிக்காவில் அமைதிப்படையில் இருந்துவிட்டுத் திரும்பிய ஆமிக்காரர், இந்தியாவுக்கு யாத்திரை போய் வந்தவர்கள், சும்மா காய்ச்சல் பிடித்த பள்ளிக்கூடப் பிள்ளைகள் என்று பல்லாயிரம் பேரின் இரத்தம் அவள் கண்ணுக்குக் கீழே போயிருக்கிறது. கொழும்பிலிருந்து சோதனைக்காக அனுப்பும் சிலைட்டுகளில் மட்டுமே அவள் கிருமியைக் கண்டிருக்கிறாள். உயிரோடு நடமாடும் ஒருவரிடம் ஒருநாளும் கண்டதில்லை.

அன்றைய சிலைட் பாப்பாமோட்டையைச் சேர்ந்த துசாந்தினி என்ற முப்பத்தொரு வயதுப் பெண்ணுடையது. ஆறு நாட்களாக விட்டுவிட்டுக் காய்ச்சல். டெங்கு இல்லை. விரைவுப் பரிசோதனையில் மலேரியாவும் இல்லை. படிவத்தில் வெளிநாட்டுப் பயணம் என்ற இடத்தில் ‘மொசாம்பிக், எட்டு மாதத்துக்கு முன்’ என்று நடுங்கும் கையெழுத்தில் எழுதியிருந்தது.

அஞ்சலா பேனையை எடுத்தாள். பிறகு வைத்துவிட்டாள். முதல் நூறில் ஒரு இடம் அவளுக்குச் சரியாகப் படவில்லை. அது வெறும் சாயத் துகளாகவும் இருக்கலாம். வீட்டுக்குப் போனாலும் அந்தத் துகள் கூடவே வரும் என்று அவளுக்குத் தெரியும். எண்ணெய்த் துளி ஒன்றை விட்டு இன்னொரு நூறு பார்க்கத் தொடங்கினாள்.

நூற்று நாற்பத்து மூன்றாவது இடத்தில் கை நின்றது. சிவந்த ஒரு புள்ளி. அதிலிருந்து மெல்ல வளைந்து போகும் ஒரு நீல வளையம். அதைச் சுற்றியிருந்த செவ்வணு முட்டை வடிவில் இழுபட்டு, ஓரம் பிய்ந்ததுபோல் இருந்தது.

அவள் கூப்பிட, ஆய்வுகூடத்துக்குப் பொறுப்பான டொக்டர் மஹ்மூது வந்து குனிந்து பார்த்தார். “எனக்கு ஒண்டும் தெரியேல்லையே, அஞ்சலா.”

“கொஞ்சம் வலப்பக்கம் பாருங்கோ டொக்டர். மணிக்கூட்டில மூண்டு மணி இருக்கிற இடம்.”

அவர் நெடுநேரம் நிமிரவில்லை. நிமிர்ந்தபோது அவர் சொன்ன முதல் வார்த்தை, “எங்க அந்தப் பிள்ளை? எந்த வாட்டு?” என்பதுதான்.

அது ஈரலில் மாதக்கணக்கில் ஒளிந்திருந்து பிறகு தலைகாட்டும் வகை. விரைவுப் பரிசோதனை அதைப் பல தடவை தவறவிடும். கொழும்பிலும் மறுநாள் அதை உறுதிப்படுத்தினார்கள். துசாந்தினிக்கு அன்றைக்கே மருந்து தொடங்கியது.

மூன்றாம் நாள் அஞ்சலா வாட்டுக்குப் போனாள். நோயாளிகளைப் போய்ப் பார்ப்பது அவளுடைய வேலை இல்லை. ஆனால் ஒன்பது வருடத்தில் அகப்பட்ட ஒரே ஆளை முகம் பார்க்காமல் விட மனம் வரவில்லை.

ஜன்னலோரக் கட்டிலில் மெலிந்த பெண் ஒருத்தி மடியில் லப்டொப்பை வைத்துக்கொண்டு சாய்ந்திருந்தாள். அஞ்சலா தன்னை யார் என்று சொன்னதும் அவள் எழும்ப முயன்றாள்.

“படுத்திரும், படுத்திரும். நான் சும்மா பார்க்கத்தான் வந்தனான்.”

“நீங்களோ அக்கா? டொக்டர் சொன்னவர். மற்ற ஆக்கள் எண்டால் விட்டிருப்பினமாம்.” துசாந்தினி கொஞ்சம் சிரித்தாள். “எப்பிடிக் கண்டனீங்கள்?”

“எனக்குச் சொல்லத் தெரியாது. ஏதும் இருந்தால் கண் தானாகவே நிக்கும்.”

லப்டொப் திரையில் வெள்ளைப் பின்னணியில் ஆயிரக்கணக்கான கரும்புள்ளிகள் கொட்டிக் கிடந்தன. அஞ்சலாவின் பார்வை அங்கே போனது. இரண்டு நிமிடம் பார்த்தாள். பிறகு திரையின் கீழ் மூலையில் விரலை வைத்தாள்.

“இதில என்ன இருக்கு?”

துசாந்தினி விரலையும் பார்த்தாள், அஞ்சலாவின் முகத்தையும் பார்த்தாள். “அக்கா, இதைப் பற்றி உங்களுக்கு ஆர் சொன்னது?”

“ஒருத்தரும் சொல்லேல்லை. இந்த இடத்தில மட்டும் கொஞ்சம் கூடக் கிடக்கு. அவ்வளவுதான்.”

“அது வானத்தில இருக்கிற ஒரு வெள்ளிக் கூட்டம், நட்சத்திரக் கூட்டம். அதைக் கண்ணால பிடிக்க எனக்கு ரெண்டு மாதம் எடுத்தது.”

அப்படித்தான் அஞ்சலாவுக்கு அவளுடைய கதை தெரியவந்தது. துசாந்தினி கேப் டவுணில் வானியலில் கலாநிதிப் பட்டத்துக்குப் படித்துக்கொண்டிருந்தாள். மொசாம்பிக்கில் இரண்டு வாரம் வகுப்பெடுக்கப் போய்த் திரும்பிய கையோடு, அப்பா சீவரத்தினத்துக்குப் பாரிசவாதம் என்று அம்மா அழைத்தாள். ஒரே பிள்ளை. ஒரு மாதத்தில் திரும்பிவிடலாம் என்று வந்தவள் திரும்பவேயில்லை. இப்போது மூன்று ஏக்கர் வயலைப் பார்க்கிறாள், சனி ஞாயிறுகளில் மன்னாரில் பௌதிகவியல் வகுப்பு எடுக்கிறாள். பேராசிரியர் அனுப்பிய மூன்று மின்னஞ்சல்களுக்கு வெட்கத்தால் பதில் போடவில்லை. வாட்டில் பொழுது போகாததால்தான் பழைய படங்களைத் திறந்திருந்தாள்.

“ஒவ்வொரு புள்ளியும் ஒரு வெள்ளி அக்கா. வெள்ளியள் ஒரே இடத்தில நிக்கிறேல்லை, மெல்ல மெல்ல நகருதுகள். எந்தப் பக்கம், எவ்வளவு வேகம் எண்டதைத்தான் இப்பிடிப் புள்ளியாப் போட்டிருக்கு. ஒரு வாயு முகிலில ஒண்டாப் பிறந்ததுகள் ஒரே பக்கமா, ஒரே வேகத்தில போகும். அப்ப அதுகளின்ர புள்ளியள் ஒரு இடத்தில குவியும். கார்த்திகை தெரியும்தானே? அதுவும் அப்பிடி ஒரு கூட்டம்தான்.”

“இதைக் கொம்பியூட்டர் பிடிக்காதோ?”

“பிடிக்கும். கையா எண்டு ஒரு விண்கலம் நூற்றியெண்பது கோடி வெள்ளியளை அளந்து போட்டிருக்கு. ஆரும் எடுத்துப் பார்க்கலாம். நெருக்கமாக் கிடந்த கூட்டங்களைக் கொம்பியூட்டர் ஆயிரக்கணக்கில பிடிச்சிட்டுது. மிச்சம் இருக்கிறது ஐதான கூட்டங்கள். அங்க ஒண்டு இங்க ஒண்டா, மற்ற வெள்ளியளுக்குள்ள கலந்து கிடக்கும்.”

அஞ்சலா திரும்பவும் திரையைப் பார்த்தாள். “வேற படம் இருக்கோ?” என்று கேட்டாள்.

பதினான்கு நாள் குளிசை மருந்து முடிந்து, உடம்பு தேறி, புரட்டாதியில் ஒரு பௌர்ணமிப் போயா விடுமுறை நாளில் துசாந்தினி ஓலைத்தொடுவாய்க்கு வந்தாள். அஞ்சலா அங்கே தமையன் பெனடிக்ற்றின் வீட்டில் இருந்தாள். தகப்பன் சவிரியான் இறந்தபின் அந்தக் குடும்பத்தில் மிஞ்சியது அண்ணனும் தங்கையும்தான். பெனடிக்ற் கடலுக்குப் போகிறவர், சொந்தமாக ஒரு படகு வைத்திருந்தார். மனைவி டினோஜா வீட்டோடு ஒரு தையல் மெசின் போட்டிருந்தாள்.

துசாந்தினி மன்னார்க் கடையொன்றில் நூறு படங்களை அச்செடுத்துக் கொண்டுவந்திருந்தாள். மேசையில் அவற்றைப் பரப்பியபோது அஞ்சலா முதல் நிபந்தனையைச் சொன்னாள்.

“எங்களுக்குக் கொழும்பிலயிருந்து இடைக்கிடை சோதனைச் சிலைட் வரும். கிருமி இருக்கிறதும் இல்லாததும் கலந்திருக்கும். எது எதெண்டு சொல்ல மாட்டினம். நீரும் அப்பிடிச் செய்யும். கூட்டம் இல்லாத பொய்ப் படங்களையும் கலந்து தாரும். இல்லாட்டி என்ர கண் எனக்கே பொய் சொல்லத் தொடங்கிடும்.”

துசாந்தினி அதைத் தாளின் ஓரத்தில் குறித்துக்கொண்டாள். கேப் டவுணில் இந்த எச்சரிக்கையை அவளுக்கு ஒரு பருவம் முழுவதும் கற்பித்திருந்தார்கள்.

வாசலில் வலைக்கு ஈயக்குண்டு கோத்துக்கொண்டிருந்த பெனடிக்ற் எட்டிப் பார்த்தார். “தங்கச்சி, குறை நினைக்காதேங்கோ. இதைக் கண்டுபிடிச்சால் ஆருக்கு என்ன பிரயோசனம்?”

“அண்ணா, உங்களுக்குத் தெரியாத ஒரு தீவு இந்தக் கடலுக்குள்ள கிடக்குதெண்டு ஆரும் சொன்னால், என்ன பிரயோசனம் எண்டு கேப்பீங்களோ, எங்க எண்டு கேப்பீங்களோ?”

பெனடிக்ற் சிரித்துவிட்டார். “எங்க எண்டுதான் கேப்பன்.”

டினோஜா தேத்தண்ணி கொண்டுவந்து வைத்தாள். “பொம்பிளையளும் இந்த வேலை செய்திருக்கினமோ?”

துசாந்தினி கரோலின் ஹேர்ஷலைப் பற்றிச் சொன்னாள். ஜெர்மனியில் பிறந்தவர். சின்ன வயதில் வந்த காய்ச்சலால் வளர்த்தி நின்றுவிட்டது. நாலேகால் அடிக்கு மேல் வளரவில்லை. இவளைக் கட்ட ஒருவரும் வரமாட்டார்கள், வீட்டு வேலைக்கு இருக்கட்டும் என்று பெற்றோர் முடிவு கட்டினார்கள். இங்கிலாந்தில் இருந்த தமையன் தன் வீட்டைப் பார்த்துக்கொள்ளக் கூட்டிப்போனார். அவர் வானத்தைப் பார்க்கிறவர். தங்கைக்கும் ஒரு சின்னத் தொலைநோக்கியைக் கொடுத்தார். 1783ஆம் ஆண்டில், அதுவரைக்கும் யாரும் குறித்திராத வெள்ளிக் கூட்டங்களை அந்தத் தங்கை கண்டுபிடித்தார்.

“கேட்டீங்களோ?” டினோஜா புருசனைப் பார்த்தாள். “தமையன்ர வீட்டில இருந்த தங்கச்சிதானாம். இனி மச்சாளை மீன் வெட்டக் கூப்பிடாதேங்கோ.”

அன்றிலிருந்து அஞ்சலா வேலை முடிந்து வந்து, குளித்து, செபமாலை சொல்லி முடித்தபின் ஒரு மணித்தியாலம் படங்களைப் பார்த்தாள். ஒரு நாளைக்குப் பத்துப் படத்துக்கு மேல் பார்க்கவில்லை. கண் களைத்தால் இல்லாததெல்லாம் தெரியும் என்பது அவளுடைய அனுபவம். பென்சிலால் சின்ன வட்டம் போடுவாள், சந்தேகம் என்றால் பக்கத்தில் ஒரு கேள்விக்குறி. சனிக்கிழமைகளில் துசாந்தினி வகுப்பு முடிந்து வந்து, புதிய படங்களைத் தந்து அவற்றை வாங்கிப்போவாள். கலந்து வைத்த பொய்ப் படங்கள் ஒன்றில்கூட அஞ்சலா ஏமாறவில்லை என்பது முதல் மாதத்திலேயே தெரிந்தது.

தை மாதத்தில் ஒரு வட்டம் பலித்தது. ஐம்பத்தொன்பது விண்மீன்கள், எல்லாம் ஏறக்குறைய ஒரே தூரத்தில். துசாந்தினி இரண்டு வாரம் நித்திரை இல்லாமல் கணக்குப் போட்டாள். மூன்றாம் வாரம் தொலைபேசி எடுத்தபோது அவளுடைய குரல் உடைந்திருந்தது.

“அக்கா, எல்லாம் வீண். இரண்டு வருசத்துக்கு முந்தியே வேற ஆக்கள் கண்டுபிடிச்சிட்டினம். ஒரு கட்டுரையின்ர கடைசி அட்டவணையில இருக்கு. நான் கவனிக்கேல்லை.”

“அவையள் எத்தினை வெள்ளி எண்டு சொல்லியிருக்கினம்?”

“அறுபத்திரண்டு.”

“நாங்கள் ஐம்பத்தொம்பது. அப்ப நான் சரியாத்தானே பார்த்திருக்கிறன்!” அஞ்சலாவின் சந்தோசம் உண்மையானது. அவளுடைய தொழிலில் இரண்டாவது ஆளும் அதையே கண்டால்தான் முதலாவது ஆள் கண்டது நிலைக்கும்.

துசாந்தினி தொலைபேசியை வைத்துவிட்டாள். அடுத்த சனிக்கிழமை அவள் வரவில்லை. அதற்கடுத்த சனியும் வரவில்லை. அறுவடை என்று ஒரு செய்தி வந்தது. அப்பா குளியலறையில் விழுந்துவிட்டார் என்று இன்னொன்று. பிறகு செய்தியும் நின்றது.

அஞ்சலாவிடம் பார்க்காத படங்கள் நூற்றிருபது மிச்சமிருந்தன. அவள் நிறுத்தவில்லை.

ஈஸ்டருக்கு முந்திய தபசு காலத்தில் ஒரு சனிக்கிழமை காலை அவள் யாழ்ப்பாண பஸ்ஸில் ஏறிப் பாப்பாமோட்டையில் இறங்கினாள். தெருவோரம் நீளத்துக்கும் நெல் காய்ந்துகொண்டிருந்தது. துசாந்தினி தலையில் துவாய் கட்டி, காலால் நெல்லைக் கிளறிக்கொண்டு நின்றாள். வெயிலில் கறுத்திருந்தாள்.

“அக்கா, நான் அதை விட்டிட்டன்” என்றாள், அஞ்சலா வாய் திறக்குமுன்பே.

“விட்டால் விட்டதாய் இருக்கட்டும். இதை ஒருக்கால் பார்த்திட்டு விடும்.”

பையிலிருந்து மூன்று தாள்களை எடுத்தாள். மூன்றும் ஒரே படம், இருநூற்று எண்பத்தாறாம் இலக்கம். முதல் தடவை வட்டம் போட்டபின் அதை ஒளித்துவைத்துவிட்டு, ஒரு கிழமை கழித்துப் புதிய பிரதியில் பார்த்திருக்கிறாள். பிறகு தாளைத் தலைகீழாகத் திருப்பி மூன்றாவது தடவை பார்த்திருக்கிறாள். மூன்று வட்டங்களும் ஒரே இடத்தில் விழுந்திருந்தன. ஒன்றின் பக்கத்திலும் கேள்விக்குறி இல்லை.

துசாந்தினி தாள்களை வெயிலில் பிடித்துப் பார்த்தாள். “எனக்கு ஒண்டும் தெரியேல்லை” என்றாள்.

“டொக்டருக்கும் முதல்ல தெரியேல்லை.”

வீட்டு விறாந்தையில் கதிரை போட்டுச் சீவரத்தினம் இருந்தார். வலது கை மடியில் அசையாமல் கிடந்தது. பேச்சு திரும்பியிருந்தாலும் ஒரு சொல்லுக்கும் அடுத்த சொல்லுக்கும் நடுவில் காத்திருக்க வேண்டும். தாய் சிவலட்சுமி விருந்தாளிக்கு மோர் கொடுத்தாள். மகளை நுளம்பு கடித்து வந்த காய்ச்சலிலிருந்து காப்பாற்றியவள் என்று தெரிந்ததும் கையைப் பிடித்துக்கொண்டு விடவில்லை.

துசாந்தினி லப்டொப்பில் வட்டத்துக்குள் இருந்த புள்ளிகளை மட்டும் பிரித்தெடுத்தாள். முதலில் தூரம். எல்லாம் ஏறக்குறைய ஒன்றுதான். அடுத்ததாக ஒவ்வொரு விண்மீனின் நிறத்தையும் ஒளியையும் ஒரு படத்தில் வைக்கச் சொல்லிக் கட்டளை கொடுத்தாள். ஒன்றாகப் பிறந்த விண்மீன்கள் என்றால் அவை அந்தப் படத்தில் ஒரு வளைந்த கோட்டில் வரிசையாக நிற்கும். சம்பந்தமில்லாதவை என்றால் சிதறிக் கிடக்கும்.

கோடு வந்தது. மேலே பிரகாசமான நாலைந்து, அதன் கீழே நெருக்கமாக, இன்னும் கீழே மங்கலாகி நீளும் நாற்பத்து நாலு புள்ளிகள்.

துசாந்தினி தலையில் கட்டியிருந்த துவாயைக் கழற்றி முகத்தைத் துடைத்தாள். துடைத்துக்கொண்டே இருந்தாள். அவள் அழுகிறாள் என்று தாய்க்குத்தான் முதலில் தெரிந்தது.

இந்த முறை அவள் அவசரப்படவில்லை. வெளிவந்த அட்டவணைகளை எல்லாம் ஐந்து நாள் இருந்து வரிவரியாகத் தேடினாள். எங்கேயும் அது இல்லை. அதற்குப்பிறகு பேராசிரியருக்கு எழுத வேண்டியிருந்தது. அதற்குத்தான் அவளுக்குத் துணிவு வரவில்லை.

“மூண்டு மெயிலுக்குப் பதில் போடாத ஆள் நான். இப்ப எந்த முகத்தோட எழுதுறது?”

“அந்த மனுசன் நீர் உயிரோட இருக்கிறீரோ எண்டுகூட யோசிச்சிருப்பார்” என்றாள் அஞ்சலா. “இருக்கிறன் எண்டு முதல்ல எழுதும். மிச்சம் பிறகு.”

துசாந்தினி அப்படியே எழுதினாள். அப்பாவின் நோய், வயல், மலேரியா, வெட்கம், எல்லாம். கடைசியில் நாற்பத்து நாலு விண்மீன்களின் பட்டியலை, அதைக் கண்டது அஞ்சலா என்ற குறிப்போடு, இணைத்தாள். மறுநாள் பதில் வந்தது. ‘நீ நலமாக இருப்பதில் பெரிய ஆறுதல். நாற்பத்து நாலு என்கிறாய், நான் நாற்பத்தொன்றுதான் எண்ணுகிறேன். முழுத் தரவையும் அனுப்பு. அஞ்சலா என்பவர் யார்? அவருக்கு இன்னும் படங்கள் வேண்டுமா?’

அஞ்சலா அந்த மின்னஞ்சலை இரண்டு தடவை வாசிக்கச் சொல்லிக் கேட்டாள்.

ஒரு விடயம் மிச்சமிருந்தது. விண்மீன்கள் வானத்தின் குறுக்கே ஒன்றாகப் போவது தெரிந்துவிட்டது. அவை நம்மை நோக்கியோ விலகியோ ஓடும் வேகமும் ஒன்றாக இருக்க வேண்டும். அதை அளக்கப் பெரிய தொலைநோக்கி தேவை. தென்னாபிரிக்காவில் ஒன்றில் நேரம் கேட்டு விண்ணப்பிப்பதாகப் பேராசிரியர் சொன்னார். காத்திருக்க வேண்டும்.

காத்திருந்த நாட்களில், சித்திரை நடுவில் ஒரு மாலை, பெனடிக்ற் தானாகவே கேட்டார். “அந்தக் கூட்டம் வானத்தில எந்தப் பக்கம் கிடக்கு? வாங்கோ, கொண்டுபோய்க் காட்டுறன். கரையில நிண்டால் வெளிச்சம் விடாது.”

துசாந்தினி அன்று ஓலைத்தொடுவாயில் நின்றாள். பொழுதுபட்டபின் மூன்று பேரும் படகில் போனார்கள். கரையிலிருந்த காற்றாலைகளின் சிவப்பு விளக்குகள் குண்டூசித் தலையளவு ஆனபோது பெனடிக்ற் எஞ்சினை நிறுத்தினார். எட்டரை மணி இருக்கும். கடல் அசையாமல் கிடந்தது.

“அந்தா குருசு” என்று தென்கிழக்கில் தாழ்வாக, சிலுவை வடிவில் நின்ற நாலு வெள்ளிகளைக் காட்டினார். “அதுக்கு மேல, இஞ்சால பாருங்கோ, இன்னொரு குருசு மாதிரி நிக்குது. அது பொய்க் குருசு. அதை நம்பித் திசை பிடிச்சால் போற இடம் வேற.”

“அங்கதான் அண்ணா!” துசாந்தினி எழுந்தேவிட்டாள். படகு ஆடியது. “அந்தப் பொய்க் குருசின்ர மேற்பக்க வெள்ளிக்குக் கிட்ட. ஒரு பெருவிரல் அகலம் தள்ளி.”

பெனடிக்ற் கண்ணைச் சுருக்கினார். “அங்க ஒண்டும் இல்லையே.”

“கண்ணுக்குத் தெரியாது அண்ணா. நாலாயிரம் ஒளியாண்டுத் தூரம்.”

அஞ்சலா அந்தப் பக்கம் திரும்பினாள். அவள் இத்தனை மாதமும் பார்த்தது தாளில் இருந்த புள்ளிகளை மட்டும்தான். அந்தப் புள்ளிகள் இருக்கும் இடத்தை இப்போதுதான் முதல் தடவையாகப் பார்க்கிறாள். வெறும் இருட்டுத்தான். ஆனால் அந்த இருட்டில் அந்த இடத்தை மட்டும் அவளால் மற்ற இடங்களைப் போலப் பார்க்க முடியவில்லை. கழுத்து வலிக்கும்வரை அண்ணாந்தே இருந்தாள். கடைசியில் பெனடிக்ற்தான், “சரி, டினோஜா தேடப்போறாள்” என்று எஞ்சினைக் கிளப்பினார்.

ஆனி மாதத்தில் முடிவு வந்தது. பதினைந்து விண்மீன்களை அளந்திருந்தார்கள். பதின்மூன்று ஒரே வேகத்தில் போயின. மற்ற இரண்டும் இடையில் புகுந்த அந்நியர்கள்.

கட்டுரை எழுதும் வேளையில்தான் சிக்கல் வந்தது. அஞ்சலா தன் பெயரைப் போட வேண்டாம் என்றாள்.

“நான் என்ன செய்தனான்? பார்த்தனான். அவ்வளவுதானே. படிச்ச ஆக்கள் நீங்கள் ரெண்டு பேரும் போடுங்கோ.”

“அக்கா, பார்க்கிறதுதான் இந்த வேலையே.” துசாந்தினிக்குக் கோபம் வந்தது. “ஒண்டு சொல்லுறன் கேளுங்கோ. இத்தாலியில சிசிலித் தீவில ஹொடியேர்னா எண்டு ஒரு குருவானவர் இருந்தவர். முந்நூற்றி எழுபது வருசத்துக்கு முந்தி. பூசை முடிஞ்சு வந்து ஒரு சின்னத் தொலைநோக்கியால வானம் பார்த்து, நாற்பது வரையில வெள்ளிக் கூட்டங்களையும் மங்கல் பொட்டுகளையும் குறிச்சுப் புத்தகமாப் போட்டவர். அந்தப் புத்தகம் ஒருத்தற்ற கண்ணிலயும் படேல்லை. அவர் கண்டதுகளை நூறு வருசம் கழிச்சு வேற ஆக்கள் திரும்பக் கண்டு, அவையின்ர பேரில போனது. முந்நூறு வருசத்துக்கு மேல கழிச்சுத்தான் ஆரோ அந்தப் புத்தகத்தைத் தூசி தட்டி எடுத்தவை.”

“சாமியோ?” என்றாள் அஞ்சலா. “பாவம்.”

“பாவம் எண்டால் உங்கட பேரைப் போட விடுங்கோ.”

அஞ்சலா இரண்டு நாள் கேட்டு வாங்கிக்கொண்டாள். மூன்றாம் நாள் ஓம் என்று சொன்னாள். முகவரி கேட்டபோது வேலைத்தலத்தின் பெயர் வேண்டாம், அது தன் ஓய்வு நேர வேலை என்றாள். அதனால் கட்டுரையில் அவளுடைய பெயருக்குக் கீழே ‘ஓலைத்தொடுவாய், மன்னார்’ என்று மட்டும் இருக்கிறது.

கண்டவரின் கடைசிப் பெயரோடு ஒரு எண்ணைச் சேர்த்துக் கூட்டத்துக்குப் பெயர் வைப்பது வழக்கம். இருவருக்கும் கடைசிப் பெயர் தகப்பன் பெயர்தான். யார் முதலில் என்று துசாந்தினி யோசிக்கவே இல்லை.

ஐப்பசியில் கட்டுரை வெளிவந்தது. அந்தச் சனிக்கிழமை அஞ்சலாவும் பெனடிக்ற்றும் டினோஜாவும் ஒரு பெரிய பாரை மீனோடு பாப்பாமோட்டைக்குப் போனார்கள். மழை தொடங்கியிருந்தது. விதைத்த வயலில் பச்சை தெரியத் தொடங்கியிருந்தது. துசாந்தினி இன்னொரு செய்தியும் வைத்திருந்தாள். கலாநிதிப் படிப்பை இங்கிருந்தே தொடரப் பல்கலைக்கழகம் சம்மதித்துவிட்டது. வருடத்தில் இரண்டு மாதம் மட்டும் அங்கே போனால் போதும். அந்த இரண்டு மாதமும் வயலைத் தான் பார்ப்பதாகச் சிவலட்சுமியின் தம்பி சொல்லியிருந்தார்.

துசாந்தினி கட்டுரையின் அச்சுப் பிரதியைத் தகப்பனின் மடியில் வைத்து, தலைப்பில் விரலை வைத்துத் தமிழில் வாசித்துக் காட்டினாள். “அப்பா, இது இந்தக் கூட்டத்தின்ர பேர். சவிரியான்–சீவரத்தினம் ஒண்டு. சவிரியான் அஞ்சலா அக்காவின்ர அப்பா. சீவரத்தினம் நீங்கள்.”

சீவரத்தினம் இடது கையால் தாளைக் கண்ணுக்குக் கிட்ட உயர்த்தினார். அவருக்கு ஆங்கில எழுத்து வாசிக்க நேரம் எடுக்கும். எல்லோரும் காத்திருந்தார்கள். அவருடைய உதடு அசைந்தது. சிவலட்சுமி கிட்டக் குனிந்தாள்.

“ஒண்டு எண்டால்...” என்றார் அவர். மூச்சு எடுத்தார். “ரெண்டு... எப்ப?”

பெனடிக்ற்தான் முதலில் சிரித்தார். பிறகு எல்லோரும் சிரித்தார்கள், சீவரத்தினம் உட்பட. அஞ்சலா மட்டும் அந்தக் கேள்வியைக் கேள்வியாகவே எடுத்துக்கொண்டாள்.

“புதுப் படங்கள் எத்தினை இருக்கு, துசா?”

“ஆயிரத்தி நானூறு, அக்கா.”

“ஒரு நாளைக்குப் பத்து” என்று அஞ்சலா விரல்விட்டு எண்ணத் தொடங்கினாள். டினோஜா மீனைத் தூக்கிக்கொண்டு குசினிப் பக்கம் போனாள்.